உறைக்குள் எட்டு மெகாபைட்

இலங்கையின் ஊவா மாகாணத்துப் பதுளை நகரில் இருக்கும் புனித மாற்கு ஆலயம் ஒரு மின்னலின் நினைவாக நிற்கிறது. 1845இல் ஹப்புத்தளையில் மின்னல் தாக்கி இறந்த மேஜர் தோமஸ் வில்லியம் ரொஜர்ஸ் என்ற ஆங்கிலேய அதிகாரிக்காகக் கட்டப்பட்டது அது. ஆயிரத்துக்கு மேற்பட்ட யானைகளைச் சுட்டுக் கொன்றவர் என்று பேர் வாங்கிய மனிதர். அவர் கதை இருக்கட்டும். ஊவா மலைகளில் ஏப்ரலிலும் ஒக்டோபரிலும் மதியம் திரும்பினால் நமுனுகுல மலை உச்சியில் மேகம் கறுக்கும். முதல் முழக்கத்துக்கே தேயிலைத் தோட்டத்து லய வீடுகளில் டிவி வயரைக் கழற்றிவிடுவார்கள். மின்சாரம் போய் வருவதும் இங்கே மழைபோலப் பருவத்தோடு சேர்ந்த விஷயம்தான். 2022இல் அது பருவத்தையும் மீறியது. நாடு டொலருக்குத் தவித்த அந்த வருடம் மார்ச் கடைசியில் ஒரே நாளில் 13 மணி நேர மின்வெட்டு அறிவிக்கப்பட்டது.

கணினி ஒன்று தன் பயோஸைப் புதுப்பித்துக்கொண்டிருக்கும் நேரம் பார்த்து மின்சாரம் போனால்? மறுபடி பொத்தானை அழுத்தும்போது விசிறி சுற்றும். சின்ன விளக்கு எரியும். திரை மட்டும் கறுப்பாகவே கிடக்கும். ஹார்ட் டிஸ்க்குக்கு ஒன்றும் ஆகவில்லை, ராமுக்கு ஒன்றும் ஆகவில்லை, உயர்தரப் பரீட்சைக்குப் படிக்கும் பிள்ளையின் குறிப்புகள் எல்லாம் உள்ளே பத்திரமாக இருக்கின்றன. கண் விழித்ததும் முதலில் என்ன செய்ய வேண்டும் என்பதைத்தான் அந்தக் கணினி மறந்துவிட்டது. பயோஸ் என்ற அந்த நினைவு குடியிருந்தது எட்டுக் கால்கள் கொண்ட, விரல் நகத்தை விடச் சிறிய ஒரு சில்லில்.

பதுளை, பண்டாரவளை, வெலிமடைக் கடைத்தெருக்களில் கணினி திருத்துபவர்கள் இதற்கு மருந்து அறிவார்கள். புரோகிராமர் என்ற சின்னக் கருவியை அந்தச் சில்லில் பொருத்தி, சரியான தரவை மறுபடி எழுதிவிட்டால் போதும். அந்தத் தரவுக்கு எங்கே போவது? கணினி நிறுவனமே தன் இணையத்தளத்தில் பயோஸ் அப்டேட் என்று ஒரு கோப்பை இலவசமாகத் தருகிறது. சிக்கல் அங்கேதான் தொடங்குகிறது. எட்டு மெகாபைட் சில்லுக்கு வேண்டியது மிகச் சரியாக 8,388,608 பைட்டுகள். கையில் கிடைப்பதோ அதை விடப் பெரிய, அல்லது சிறிய, பல உறைகள் சுற்றிய வேறொரு பொருள். அதை அப்படியே எழுதினால் செத்த போர்டு செத்தபடியே கிடக்கும். உறைகளைப் பிரித்து உள்ளே இருக்கும் பச்சைத் தரவை எடுப்பது இன்று ஒரு தனித் தொழில் நுட்பமாகவே வளர்ந்திருக்கிறது. எப்போதும் இப்படி இருக்கவில்லை.

1981 ஆகஸ்ட் மாதம் ஐபிஎம் தன் முதல் பெர்சனல் கம்ப்யூட்டரை வெளியிட்டபோது அதன் பயோஸ் வெறும் 8 கிலோபைட். இன்றைய சில்லோடு ஒப்பிட்டால் ஆயிரத்தில் ஒரு பங்கு. அதைவிட வியப்பு, அந்தப் பயோஸின் மூல நிரலை வரிக்கு வரி, குறிப்புகளோடு, தொழில்நுட்பக் கையேட்டில் ஐபிஎம் அச்சிட்டே விற்றது. யாரும் வாங்கிப் படிக்கலாம். படிக்கலாமே தவிர நகலெடுக்க முடியாது, பதிப்புரிமை காவல் நின்றது. ரோமுக்குள் இருக்கும் நிரலும் பதிப்புரிமைக்கு உட்பட்டதே என்று 1983இல் ஆப்பிள் நிறுவனம் பிராங்க்ளின் மீது தொடுத்த வழக்கில் அமெரிக்க மேன்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பதிப்புரிமையில் சிக்காமல் இருக்கக் கொம்பாக் போன்ற நிறுவனங்கள் சுற்றுவழியில் போயின. ஒரு குழு ஐபிஎம் பயோஸைப் படித்து அது என்னென்ன செய்கிறது என்று மட்டும் எழுதிக் கொடுக்கும். மூல நிரலைக் கண்ணாலும் பார்க்காத இன்னொரு குழு அந்தக் குறிப்பை வைத்துப் புதிதாக எழுதும். 1984இல் பீனிக்ஸ் நிறுவனம் இதே வழியில் தான் எழுதிய பயோஸை விலைக்கு விற்கத் தொடங்கியது. அதற்குப் பிறகு உலகெங்கும் ஐபிஎம்மின் மாற்றுப் பிரதிகள் காளான்போல முளைத்தன.

அடுத்த வருடம், 1985இல், இந்திய வம்சாவளியினரான சுப்ரமணியன் சங்கர் இன்னொருவரோடு சேர்ந்து அமெரிக்காவின் ஜோர்ஜியா மாநிலத்தில் அமெரிக்கன் மெகாட்ரெண்ட்ஸ் நிறுவனத்தைத் தொடங்கினார். ஏஎம்ஐ என்ற மூன்று எழுத்தைக் கணினித் திரையில் பார்க்காத திருத்துநர் எந்த ஊரிலும் இருக்க மாட்டார். அந்த நிறுவனத்துக்குச் சென்னையில் அலுவலகம் உண்டு. பழைய கணினிப் பாகங்களுக்குப் பேர்போன ரிச்சி தெருவும் அதே சென்னையில்தான். பயோஸ் எழுதுபவர்களும் செத்த பயோஸை உயிர்ப்பிப்பவர்களும் ஒரே நகரத்தில் தமிழ் பேசிக்கொண்டு இருக்கிறார்கள் என்பது மனதுக்கு நிறைவான செய்தி.

எண்பதுகளின் பயோஸ், சில்லில் ஒரு கண்ணாடிச் சன்னலோடு வரும். புறஊதா ஒளி அந்தச் சன்னல் வழியே பட்டால் எழுதியது அழியும்; அதனால் மேலே ஒரு தாளை ஒட்டியிருப்பார்கள். புதிய பயோஸ் வேண்டுமானால் புதிய சில்லே வாங்க வேண்டும். தோஷிபாவில் வேலை செய்த புஜியோ மசுவோகாவின் ஃபிளாஷ் நினைவகம் தொண்ணூறுகளில் கணினிப் போர்டுகளுக்கு வந்த பிறகுதான் பயோஸ் ஒரு கோப்பாக மாறியது. ஒரு பிளொப்பி டிஸ்க், ஒரு எழுதும் நிரல், ஒரு கோப்பு. சில்லில் எத்தனை பைட்டோ கோப்பிலும் அத்தனையே. உறை என்று ஒன்றுமில்லை.

அந்தக் காலத்து அவார்ட் பயோஸ் கோப்பைத் திறந்து பார்த்தவர்களுக்கு எல்எச்5 என்ற குறி ஆங்காங்கே தென்படும். ஹருயாசு யொஷிசாகி என்ற ஜப்பானிய மருத்துவர் ஓய்வு நேரத்தில் எழுதி இலவசமாகக் கொடுத்த எல்எச்ஏ சுருக்க முறையின் அடையாளம் அது. பயோஸின் பகுதிகளை அந்த முறையில் சுருக்கி அடுக்கியிருந்தார்கள். சுருக்கம் ஒளித்து வைப்பதற்காக அல்ல, இடத்தை மிச்சம் பிடிப்பதற்காக. யாரும் விரிக்கலாம், பார்க்கலாம், திரும்ப மடிக்கலாம்.

செத்த பயோஸுக்கு அந்நாளில் இருந்த சிகிச்சை நெஞ்சு படபடக்க வைக்கும். அதே மாதிரிப் போர்டு உள்ள நல்ல கணினியை இயக்கி, அது ஓடிக்கொண்டிருக்கும்போதே அதன் பயோஸ் சில்லை மெதுவாக நெம்பி எடுப்பார்கள். கணினி நிற்காது, பயோஸின் பிரதி அதற்குள் ராமுக்குப் போயிருக்கும். காலியான குழியில் செத்த சில்லைச் செருகி, பிளொப்பியில் இருக்கும் கோப்பை எழுதுவார்கள். ஒரு கால் வளைந்தாலும், ஸ்க்ரூட்ரைவர் ஓரிடத்தில் தொட்டாலும் இரண்டு கணினியும் போய்விடும். பயிற்சி மண்டபத்தில் கற்றுத்தராத கைத்திறன் இது. ஒருவர் செய்யப் பக்கத்தில் நின்று பார்த்துப் பழக வேண்டியது.

பூட்டுப் போட வேண்டிய நாளும் வந்தது. தாய்வானின் தத்துங் கல்லூரி மாணவர் சென் இங்-ஹாவ் 1998இல் எழுதிய சிஐஎச் வைரஸ் 1999 ஏப்ரல் 26 அன்று உலகம் முழுவதும் வெடித்தது. ஹார்ட் டிஸ்க்கின் முதல் மெகாபைட்டை அழித்ததோடு நிற்காமல், முடிந்த இடத்தில் எல்லாம் பயோஸ் சில்லிலும் குப்பையை எழுதியது. எழுதுவதற்குத் தடையில்லாத ஒரு சில்லு எவ்வளவு ஆபத்து என்று உலகம் அன்று கண்டது. எதுவும் கேட்காமல் வீட்டுக்குள் வந்து அடுப்பை உடைத்துப் போகும் திருடனுக்கு ஒப்பானது அது. தென்கொரியாவும் துருக்கியும் கடுமையாக அடிபட்டன. கிகாபைட் போன்ற நிறுவனங்கள் ஒரே போர்டில் இரண்டு பயோஸ் சில்லுகள் வைத்தன. 2011 ஏப்ரலில் அமெரிக்காவின் தர நிர்ணய நிறுவனமான நிஸ்ட் ஒரு வழிகாட்டலை வெளியிட்டது: கையொப்பம் சரிபார்க்காத எந்தப் புதுப்பிப்பும் சில்லைத் தொடக்கூடாது, அந்தச் சரிபார்ப்பைத் தாண்டிப் போக வேறு வழியும் இருக்கக்கூடாது. 2013 வாக்கில் இன்டெல் பயோஸ் கார்ட் என்ற காவலைத் தன் செயலிகளோடு சேர்த்தது. காவல் வீண் இல்லை என்பதை 2018இல் ஈசெட் நிறுவனம் கண்டுபிடித்துச் சொன்ன லோஜாக்ஸ் காட்டியது. விண்டோஸை அழித்துப் போட்டாலும், ஹார்ட் டிஸ்க்கையே மாற்றினாலும் போகாமல் பயோஸ் சில்லுக்குள் ஒளிந்திருந்த உளவு நிரல் அது.

ஆகவே பூட்டு நியாயமானது. அதைக் குறை சொல்ல வரவில்லை இந்தக் கட்டுரை. ஆனால் பூட்டின் செலவு யார் தலையில் விழுகிறது என்று பார்க்க வேண்டும்.

பதுளைக்கு ரயில் பாதை வந்து சேர்ந்தது 1924இல். கொழும்புக் கோட்டையிலிருந்து 292 கிலோமீட்டர். பொடி மெனிக்கே ரயிலில் ஏறினால் ஒரு பகல் முழுவதும் போய்விடும். கணினி நிறுவனங்களின் அங்கீகாரம் பெற்ற சேவை நிலையங்கள் பெரும்பாலும் அந்தப் பாதையின் மறுமுனையில் இருக்கின்றன. உத்தரவாதக் காலம் முடிந்த மடிக்கணினிக்கு அங்கே கிடைக்கும் பதில் அநேகமாக ஒன்றுதான்: போர்டை மாற்ற வேண்டும். போர்டின் விலை கிட்டத்தட்ட பழைய மடிக்கணினி ஒன்றின் விலை. கொழுந்து பறிப்பவரின் நாட்சம்பளம் ஆயிரம் ரூபாய் என்று 2021 மார்ச்சில்தான் நீண்ட போராட்டத்துக்குப் பிறகு நிர்ணயமானது. அன்று ஒரு லட்சம் ரூபாய் மடிக்கணினி என்றால் நூறு நாள் சம்பளம் வேண்டியிருந்தது. மறு வருடமே டொலர் 200 ரூபாயிலிருந்து 360 ரூபாய்க்குத் தாவியபோது அந்தக் கணக்கும் உடைந்தது.

கணினி மலையகத்துக்கு வந்த கதையே தாமதமான கதை. 2005 அளவில் அரசாங்கம் அறிவகம் என்ற பெயரில், சிங்களத்தில் நெனசல என்று, கிராமங்களில் கணினி நிலையங்களைத் திறக்கத் தொடங்கியது. அதே 2005இல்தான் பதுளையில் ஊவா வெல்லஸ்ஸ பல்கலைக்கழகமும் நிறுவப்பட்டது. 2020 மார்ச்சில் கொவிட் வந்து பள்ளிக்கூடங்களை மூடியபோது, சிக்னல் தேடி மலைநாட்டுப் பிள்ளைகள் பாறை ஏறினார்கள். அந்த இரண்டு வருடத்தில் தோட்டத்து வீடுகளுக்குள் நுழைந்த கணினிகளில் பல, ஏற்கெனவே இரண்டு கை மாறியவை. அவை பழுதானால் தூக்கிப்போட முடியாது. பதுளையிலேயே திருத்தியாக வேண்டும்.

இனி உறைகளுக்கு வருவோம். மிக எளியது அசூஸ் போர்டுகளின் கேப் கோப்பு. கேப் என்றால் கெப்சூல், மருந்துக் குளிசைபோல. பல அசூஸ் போர்டுகளின் கேப் கோப்பின் அளவு 8,390,656 பைட்டுகள். சில்லின் அளவான 8,388,608ஐக் கழித்தால் மிச்சம் 2,048. கோப்பின் தலையில் உள்ள அந்த 2,048 பைட்டுகளில் இருப்பது கையொப்பமும் விபரங்களும். அதை நறுக்கிவிட்டால் மீதி அப்படியே சில்லுக்குரிய தரவு. கழித்தல் கணக்குத் தெரிந்த எவரும் செய்யக்கூடிய வேலை.

டெல் கொஞ்சம் உள்ளே போகும். விண்டோஸில் ஓடும் ஒரு நிரலாக வரும் அந்தக் கோப்பின் வயிற்றில், பிஎஃப்எஸ் என்ற தலைக்குறியோடு தொடங்கும் சுருக்கப்பட்ட பொதி இருக்கும். அதை விரித்தால் பயோஸ், இன்டெல் நிர்வாக இயந்திரம் (மேனேஜ்மென்ட் என்ஜின்), விசைப்பலகையையும் மின்கலத்தையும் கவனிக்கும் கட்டுப்பாட்டுச் சில்லின் நிரல் என்று பல துண்டுகள், ஒவ்வொன்றுக்கும் தனித்தனிக் கையொப்பம். எது எந்த இடத்துக்குப் போக வேண்டும் என்று அறிந்துதான் கை வைக்க வேண்டும்.

ஏஎம்ஐ பயோஸ் கார்ட் கோப்புதான் இவற்றில் சுவாரசியமானது. பயோஸ் ஒரே கட்டியாக அதில் இல்லை. துண்டு துண்டாக நறுக்கி, ஒவ்வொரு துண்டுக்கும் ஒரு தலைப்பு, சில்லில் எங்கே எப்படி எழுத வேண்டும் என்று சொல்லும் ஒரு குட்டிக் கட்டளைத் தொடர், தரவு, கடைசியில் கையொப்பம் என்று வரிசையாக அடுக்கியிருப்பார்கள். முன்னால் ஒரு பட்டியல்: எந்தத் துண்டு எந்தப் பகுதியைச் சேர்ந்தது என்று. பிரித்தெடுக்கும் நிரல் அந்தப் பட்டியலைப் படித்து, ஒவ்வொரு துண்டிலும் தலைப்பையும் கட்டளையையும் கையொப்பத்தையும் நீக்கி, தரவை மட்டும் பகுதி பகுதியாகச் சேர்க்கும். ஆனால் எல்லாப் பகுதிகளையும் கோப்பில் வந்த வரிசைக்கே ஒட்டினால் சில்லுக்குப் பொருந்தும் என்று நம்பக்கூடாது. சில கோப்புகளில் பொருந்தும், பலவற்றில் பொருந்தாது. அதை முடிவு செய்வது நிரல் அல்ல, மேசையில் இருக்கும் மனிதர். இந்தப் பிரிப்பு நிரல்களைப் பைதான் மொழியில் எழுதி இலவசமாகத் தருபவர் பிளேட்டோ மவ்ரோபூலோஸ். பிரித்தெடுத்த பயோஸை உட்பகுதிகளாக விரித்துக் காட்டும் யுஇஎஃப்ஐடூல் நிகொலாய் ஷ்லெய் எழுதியது. இவர்கள் போன்றோர் கொடுத்த கருவிகளால்தான் பதுளைக் கடையில் உள்ள இளைஞர் கொழும்புக்குப் போகாமல் வேலை செய்ய முடிகிறது.

இது பூட்டை உடைக்கும் வேலை என்று நினைப்பவர்கள் உண்டு. ஊவாக்காரர்களுக்கு இதை விளக்கத் தேயிலைப் பெட்டியே போதும். பழைய காலத்தில் தேயிலை, உள்ளே உலோகத் தகடு ஒட்டிய மரப்பெட்டியில் தோட்டத்தின் பெயர் பொறித்துக் கப்பலேறியது. லண்டன் களஞ்சியங்களில் பெட்டியின் பக்கத்தில் துளையிட்டு மாதிரி எடுத்து, துளையைத் திரும்ப மூடுவார்கள். பெட்டியில் இருந்த குறி, உள்ளே இருப்பது இன்ன தோட்டத்துத் தேயிலை என்று சொன்னது. யாரும் அதைப் பார்க்கக்கூடாது என்று சொல்லவில்லை. பயோஸ் கோப்பின் கையொப்பமும் அதுவே. இன்னார் எழுதியது, இடையில் யாரும் கை வைக்கவில்லை என்ற உறுதி. பெரும்பாலான கோப்புகளில் உள்ளே இருக்கும் தரவு மறைகுறியாக்கப்படவில்லை. உறையைப் பிரித்து எடுப்பவர் கையொப்பத்தைப் போலியாக்குவதும் இல்லை, நிரலை மாற்றுவதும் இல்லை. நிறுவனம் அந்தக் கணினிக்கென்றே எழுதிய அதே பைட்டுகளை அதே கணினிக்குத் திருப்பிக் கொடுக்கிறார். சில நிறுவனங்கள் தரவையே மறைகுறியாக்கி அனுப்புகின்றன; அங்கே இந்த வழி அடைபட்டுவிடும். நுகர்வோர் கருவியைத் திருத்துவதற்காக மென்பொருள் பூட்டைத் தாண்டுவது குற்றமல்ல என்று அமெரிக்காவே 2021இல் விலக்களித்திருக்கிறது. கணினியோடு வாங்கிய நிரலைப் பச்சையாக, சில்லுக்கு எழுதக்கூடிய வடிவில், நிறுவனங்களே தந்தால் என்ன குறைந்துவிடும்? கையொப்பம் வேண்டுமானால் பக்கத்தில் தனிக் கோப்பாக இருக்கட்டும்.

கோப்பு கைக்கு வந்த பிறகும் வேலை முடிவதில்லை. முதலில் மின்கலத்தைக் கழற்ற வேண்டும். பிறகு எட்டுக் காலையும் கவ்வும் கிளிப்பைச் சில்லின் மேல் வைத்து, உள்ளே மிச்சமிருக்கும் பழைய தரவைப் படித்துச் சேமிக்க வேண்டும். இரண்டு தரம் படித்து இரண்டும் ஒன்றாக இருக்கின்றனவா என்று ஒப்பிட வேண்டும். கிளிப் சற்று விலகியிருந்தாலே பைட்டுகள் மாறிவிடும். மலிவாகக் கிடைக்கும் சிஎச்341ஏ என்ற புரோகிராமரின் கறுப்புப் பலகை, 3.3 வோல்ட் சில்லுக்கும் தரவுக் கம்பிகளில் 5 வோல்ட் அனுப்பும் குணமுள்ளது. புதிய மடிக்கணினிகளின் 1.8 வோல்ட் சில்லில் அதை நேரே பொருத்தினால் சில்லே போய்விடும்.

பழைய தரவைச் சேமிக்காமல் புதியதை எழுதுவதுதான் இந்தத் தொழிலில் மன்னிக்க முடியாத தவறு. நிறுவனத்தின் கோப்பில் பொதுவான நிரல்தான் இருக்கும். அந்தக் குறிப்பிட்ட கணினிக்கே உரிய தொடர் எண், வலையமைப்பு முகவரி, விண்டோஸ் உரிமக் குறி எல்லாம் அதன் சில்லில் மட்டுமே இருக்கின்றன. பல கோப்புகளில் பயோஸ் பகுதி மட்டும் வரும், நிர்வாக இயந்திரப் பகுதி வராது. ஆகவே பழையதிலிருந்து அந்தப் பகுதிகளை எடுத்து, புதியதில் உரிய இடத்தில் பொருத்த வேண்டும். வன்பொருளுக்குள் நிறுவனத்தின் சாவி அடையாளம் நிரந்தரமாகப் பதிக்கப்பட்ட கணினி என்றால் இன்னும் கவனம்: காவலுக்குட்பட்ட பகுதியில் ஒரு பைட்டு பிசகினாலும் அது எழும்பாது. தோட்டத்திலிருந்து வந்த பிள்ளையின் மடிக்கணினியைக் கடைக்காரர் இன்னொரு கணினியின் அடையாளத்தோடு திருப்பிக் கொடுத்தால் அது திருத்தமாகாது.

எழுதி முடித்து, எழுதியதைத் திரும்பப் படித்துச் சரிபார்த்து, கிளிப்பைக் கழற்றி, மின்கலத்தை மாட்டிப் பொத்தானை அழுத்தினால் திரை உடனே வராது. விசிறி சுற்றி நிற்கும். கணினி தானாக ஒருமுறை அணைந்து மறுபடி எழும்பும். பழைய அமைப்புகள் எல்லாம் அழிந்துவிட்டதால் ராமை அது புதிதாக அளந்து பழகிக்கொண்டிருக்கிறது. அவசரக்காரர் இந்த இடத்தில் மின்சாரத்தை நிறுத்திவிடுவார். தொழில் தெரிந்தவர் கையைக் கட்டிக்கொண்டு ஒரு நிமிடம், சில நேரம் இரண்டு நிமிடம், கறுப்புத் திரையைப் பார்த்தபடி நிற்பார்.